நூல் இல்லாத ஷிஃப்ட்

விராலிமலை முதுகுக்குப் பின்னால் சின்னதாகிக்கொண்டே வந்தது. நான் இலுப்பூர் ரோட்டில் நடந்துகொண்டிருந்தேன். தோளில் ஒரு பை. பைக்குள் இரண்டு சட்டை, ஒரு கைலி, ஒரு தட்டு. போன திங்கட்கிழமை, வெயில் ஏற ஆரம்பித்திருந்த நேரம்.

வேலை போய்விட்டது. பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை. பைபாஸ் ஓரத்தில் ஒரு பரோட்டாக் கடையில் மாவு பிசைந்துகொண்டிருந்தேன். முதலாளி மாவு பிசைய ஒரு மெஷின் வாங்கினார். அதைத் துடைத்துப் பொட்டு வைத்து மாலை போட்டது நான்தான். சூடம் காட்டி முடித்ததும், "அப்ப... நீங்க கெளம்புறீங்களா?" என்று மரியாதையாகத்தான் கேட்டார். கிளம்பிவிட்டேன்.

இந்தப் பக்கத்தைத் தொடர்ந்து படிக்கிறவர்களுக்கு இதெல்லாம் பழகிய சங்கதி. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். அதற்குப் பிறகு எதை நான் விட்டேன், எது என்னை விட்டது என்று கணக்கு வைத்துக்கொள்வதில்லை. சுடுகாட்டு ஷெட்டில்கூட மாதக்கணக்கில் படுத்துத் தூங்கியிருக்கிறேன். பயந்தது கிடையாது.

அன்றைக்குப் பயந்தேன். பட்டப்பகலில். ஒரு டீக்கடை வாசலில்.

ரோட்டை ஒட்டி நீளமாக ஒரு மதில். உள்ளே மூடிக்கிடக்கும் நூல் மில். பெயர் வேண்டாம்... அந்தப் பக்கம் போனவர்களுக்குத் தெரியும். குடோன் கூரை மேல் நாலைந்து மயில்கள், வீட்டுக்காரர்கள் மாதிரி நடந்துகொண்டிருந்தன. கேட்டுக்கு எதிரே டீக்கடை. கடை வாசலில் ஒரு கூட்டம். பெரும்பாலும் பெண்கள்.

தூரத்திலிருந்து பார்த்தபோது ஏதோ சண்டை என்று நினைத்தேன். கைகள் பறந்தன. தலைகள் ஆடின. ஒரு அம்மா புருவத்தைத் தூக்கி என்னவோ கேட்க, எதிரில் இருந்த அம்மா உதட்டைச் சுழித்துப் பதில் சொன்னார். ஒருத்தி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

கிட்டே போனேன். சத்தம் இல்லை.

ஒரு பொட்டுச் சத்தம் இல்லை. அத்தனை வாய்களும் அசைகின்றன. சிரிப்பிலும் சத்தம் இல்லை. எனக்குக் காது அடைத்துவிட்டதோ என்று பக்கத்திலிருந்த கண்ணாடி டம்ளரை நகத்தால் தட்டிப் பார்த்தேன். 'டிங்' என்றது. காது சரியாகத்தான் இருக்கிறது. அப்படியானால்?

டீ ஆற்றுகிறவரிடம் மெதுவாகக் கேட்டேன். "அண்ணே... இவங்களுக்கெல்லாம் பேச வராதா?"

"யாருக்கு? இவளுகளுக்கா?" அவர் டீயைக் கொட்டாத குறையாகச் சிரித்தார். "பேச ஆரம்பிச்சா நிறுத்த மாட்டாளுக. மில்லு ஆளுக தம்பி. உள்ள மெஷினு ஓடுற சத்தத்துல காதுல வாய வச்சுக் கத்துனாலும் கேக்காது. அதான் ஒதட்டுலயே பேசிப் பழகிட்டாளுக."

"மில்லுதான் மூடிக் கிடக்கே?"

"ஆமா. ரெண்டு வருசம் ஆச்சு."

"இன்னுமா?"

"இன்னுந்தான். எஞ் சம்சாரமும் இங்கதான் இருந்தா. வீட்டுல சண்டைக்கு வந்தாலும் இப்படித்தான். நா அங்கிட்டுத் திரும்பி உக்காந்துக்கிருவேன். சண்ட முடிஞ்சுரும்."

சிரித்தேன். ஆனால் முதுகில் என்னவோ ஊர்ந்தது. மில்லின் சத்தம் நின்று இரண்டு வருஷம். இவர்களுடைய குரல் இன்னும் திரும்பி வரவில்லை. எங்கே போயிருக்கும்?

"தம்பி! எங்கிட்டுப் போறீங்க?"

துள்ளிவிட்டேன். காதுக்குப் பக்கத்தில் அவ்வளவு பெரிய குரல். மில் ஆட்கள் குரலைத் திறந்தால் அப்படித்தான் திறப்பார்கள் என்று பிறகு புரிந்தது. அவர்களுக்குக் காது மந்தம். கூப்பிட்ட அம்மா, வள்ளிக்கண்ணு என்று பெயர் சொன்னார். நாற்பத்தைந்து வயதிருக்கும். கல்யாணம் ஆகி வந்த நாளிலிருந்து இதே மில்லில் நூல் நூற்கும் மெஷினைப் பார்த்துக்கொண்டவர்.

"வேல தேடிப் போறேங்க்கா."

"அப்பிடியா! இன்னைக்கு ஒரு நாளு எங்க கூட வாரீங்களா? ஆளு ஒண்ணு கொறையுது."

"என்ன வேலைக்கா?"

"நடக்குறதுதான்."

விஷயம் இதுதான். கோயம்புத்தூர்ப் பக்கமிருந்து ஒருவர் மில்லைப் பார்க்க வருகிறார். பிடித்துப்போனால் வாங்குவார். மெஷின் எல்லாம் ஓடுகிற நிலையில் இருக்கிறது என்று காட்ட வேண்டும். பழைய ஆட்களைக் கூப்பிட்டு ஒரு நாள் ஓட்டச் சொல்லியிருக்கிறார் சூப்பர்வைசர் மாரிமுத்து. ஆனால் பாதிப் பேர் திருப்பூருக்கும் ஈரோட்டுக்கும் போய்விட்டார்கள். ஹால் காலியாகத் தெரிந்தால் நன்றாகவா இருக்கும்?

"பஞ்சு வந்திருச்சாக்கா?"

"பஞ்சு ஏது? வெறும் ஓட்டந்தான்."

எனக்கு ஒரு ஏப்ரன் மாட்டிவிட்டார். நெஞ்சில் சிவப்பு நூலால் 'பொன்னழகு' என்று தைத்திருந்தது.

"இது யாருக்கா?"

"அவ திருப்பூரு போயி வருசமாச்சு. இன்னைக்கு நீங்கதான் பொன்னழகு. தொப்பியும் மாஸ்க்கும் போட்டா ஆம்பளையா பொம்பளையான்னு எவன் பாக்கப் போறான்?"

முடிச்சுப் போட்டுக்கொண்டே அவர் சொந்தக் கதையையும் சொன்னார். நான் கேட்கவில்லை. ஆனால் வழிப்போக்கனிடம்தான் எல்லாரும் சொல்லுவார்கள். திருப்பூரில் தங்கச்சி இருக்கிறாள். பனியன் கம்பெனியில் அக்காவுக்கு ஒரு இடம் பிடித்து வைத்திருக்கிறாள். வருகிறேன் என்றோ வரவில்லை என்றோ இன்றைக்குச் சாயந்திரத்துக்குள் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். வீட்டுக்காரர் இறந்துவிட்டார். ஒரே மகள். இலுப்பூரில் ப்ளஸ் டூ படிக்கிறாள். மார்ச்சில் பரீட்சை.

"கூட்டிட்டுப் போனா பரீட்ச போச்சு. விட்டுட்டுப் போகலாம்னா, வயசுப்புள்ளைய தனியா எங்கிட்டு விடுறது? இங்கனயே இருந்தா எதத் திங்கிறது? அதான் தம்பி, இன்னைக்கு மெஷினு நல்லா ஓடணும். ஓடிட்டா நா எங்கயும் போக வேண்டியதில்ல."

உள்ளே போனோம்.

நூல் மில்லுக்குள் போயிருக்கிறீர்களா? கல்யாண மண்டபத்தைவிட நீளமான ஹால். வரிசை வரிசையாக மெஷின்கள். ஒவ்வொன்றும் ரயில் பெட்டி நீளம். மெஷினின் ஒவ்வொரு பக்கத்துக்கும் ஒரு ஆள். அந்த ஆள் அந்தக் கோடியிலிருந்து இந்தக் கோடிக்கு நடந்துகொண்டே இருக்க வேண்டும். எங்காவது நூல் அறுந்தால் சட்டென்று கையை விட்டு ஒட்ட வேண்டும். திரும்ப நடக்க வேண்டும். ஷிஃப்ட் முடியும்வரை இதுதான் வேலை.

சூப்பர்வைசர் எல்லாருக்கும் புது மாஸ்க் கொடுத்தார். "வாங்குற பார்ட்டி வார நேரம், யாரும் எறக்கிறாதீங்க. டீசன்ட்டா தெரியணும்." பெண்கள் முகத்தைச் சுளித்தார்கள். வாய் மறைந்தால் அவர்களுக்குப் பேச்சே போய்விடும் அல்லவா? ஆனாலும் போட்டுக்கொண்டார்கள்.

ஸ்விட்சைப் போட்டார்கள். முதலில் ஒரு முனகல். பிறகு அது எழுந்தது... எழுந்துகொண்டே இருந்தது. சத்தம் என்று சொல்ல முடியாது. தலைக்கு மேல் தண்ணீர் போவது மாதிரி. நூல் சுற்ற வேண்டிய காலிக் குழாய்கள் ஆயிரக்கணக்கில் சுழல்கின்றன. நூல் இல்லை.

நடந்தேன். எனக்கு எதிர் வரிசையில் வள்ளிக்கண்ணு. அப்போதுதான் அவர் கையைக் கவனித்தேன்.

நடந்துகொண்டே இருந்தவர் ஒரு இடத்தில் நின்றார். கை உள்ளே போனது. கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் சேர்ந்து ஒரு திருகு. அடுத்த அடி. மறுபடி நின்றார். மறுபடி ஒரு திருகு. அறுந்த நூலை ஒட்டுகிறார். அறுவதற்குத்தான் நூல் இல்லையே?

சரி, பார்ட்டிக்காகப் பழகிப் பார்க்கிறார் என்று நினைத்தேன். திரும்பினால்... பின் வரிசையிலும் அதே. அதற்குப் பின்னாலும் அதே. ஹால் முழுக்கத் தொப்பியும் மாஸ்க்கும் போட்ட உருவங்கள், நடந்து நடந்து, நின்று நின்று, இல்லாத நூலை ஒட்டிக்கொண்டிருந்தன. ஒரு அம்மா தன் கைமேல் ஒட்டிய பஞ்சைத் தட்டிவிட்டார். பஞ்சும் இல்லை.

பார்ட்டி இன்னும் வரவே இல்லை. யாருக்கும் யாரும் நடிக்கவில்லை.

வேலை போவது என்றால் கேட்டில் நோட்டீஸ் ஒட்டுவது என்று நாம் நினைக்கிறோம். கேட்டுக்குத் தெரிந்தால் போதுமா? கைக்கு யார் சொல்லுவது? கால் மணி நேரம் கழித்துப் பார்க்கிறேன், என் விரல்களும் ஒரு தடவை சேர்ந்து திருகின. யாருடைய கை என்று சந்தேகம் வந்தது. பொன்னழகின் ஏப்ரனைக் கழற்றி எறிந்துவிட்டு ஓடலாமா என்றிருந்தது. ஓடவில்லை. நடந்தேன்.

பார்ட்டி வந்தார். வெள்ளைச் சட்டை. கூடவே மேனேஜர். பார்ட்டி எங்களைப் பார்க்கவில்லை. ஒவ்வொரு மெஷினின் தலைமாட்டிலும் குனிந்து மோட்டாரைப் பார்த்தார். மேலே உள்ளங்கையை வைத்துப் பார்த்தார். செல்போன் லைட்டை அடித்து நம்பரைப் படித்தார். பிறகு இரண்டு பேரும் ஹாலுக்கு நடுவில் நின்று பேசிக்கொண்டார்கள். அந்த இரைச்சலில் எப்படிப் பேசுவது? காதருகே போய் வாயை நன்றாகத் திறந்து கத்தினார்கள். எனக்கு ஒரு எழுத்தும் கேட்கவில்லை. அவர்களும் அதைத்தான் நினைத்திருப்பார்கள். இங்கே யாருக்குக் கேட்கப் போகிறது என்று.

அவர்களுக்கு எதிரே இருந்த ஒரு பெண் மாஸ்க்கைக் கீழே இறக்கினாள். உதடு அசைந்தது. மேலே ஏற்றிக்கொண்டாள்.

அடுத்த வரிசையில் ஒரு மாஸ்க் இறங்கியது. உதடு அசைந்தது. ஏறியது. அதற்கடுத்த வரிசை. அதற்கடுத்தது. காற்றில் கதிர் சாய்ந்து வருகிற மாதிரி, அந்தக் கோடியிலிருந்து மாஸ்க்குகள் இறங்கி ஏறி இறங்கி ஏறி எங்கள் பக்கம் வந்தன. வள்ளிக்கண்ணு பார்த்தார். அவர் மாஸ்க்கை இறக்கவில்லை.

யாரும் நிற்கவில்லை. எல்லாரும் நடந்துகொண்டேதான் இருந்தார்கள். ஆனால் கைகள்... அத்தனை பேருடைய கைகளும் பக்கவாட்டில் தொங்கிவிட்டன. ஹாலில் ஒரு விரல்கூடத் திருகவில்லை. அதைப் பார்த்துத்தான் என்னவோ நடந்துவிட்டது என்று தெரிந்துகொண்டேன்.

மெஷின் நின்றது. வெளியே வந்தோம். கேட்டுக்குப் பக்கத்தில் ஒரு வேப்பமரம். அதற்குக் கீழே வள்ளிக்கண்ணு சொன்னார், பெரிய குரலில். "மில்ல வாங்கலையாம் தம்பி. மெஷினத்தான் வாங்குறானாம். மோட்டாரு பூராம் நல்லா ஓடுது, கழட்டி ஏத்திரலாம்னு சொல்றான். ஓடாம இருந்திருந்தா இப்போதைக்கு விட்டுட்டுப் போயிருப்பானாம். நாமதான்... நல்லா ஓட்டிக் காமிச்சுட்டோம்."

ஏப்ரனை மடித்துக் கொடுத்தேன்.

அவர் இடுப்பிலிருந்து செல்லை எடுத்தார். தங்கச்சிக்குப் போட்டார். காது மந்தம் என்பதால் ஸ்பீக்கரில். மணி அடித்தது. "அக்கா, சொல்லுக்கா!" என்றது அந்தப் பக்கம்.

வள்ளிக்கண்ணு பேசினார்.

உதடு அசைந்தது. கண் கலங்கியது. இடது கை ஹாலைக் காட்டியது, வெள்ளைச் சட்டையைக் காட்டியது, நெஞ்சைத் தொட்டது. எல்லாவற்றையும் சொல்லிக்கொண்டிருந்தார். சத்தம் வரவில்லை.

"ஹலோ... அக்கா? ஹலோ? கேக்குதாக்கா? என்ன முடிவு பண்ணிருக்க?"

அவர் தலையை ஆட்டினார். மேலும் சொன்னார். மயில் ஒன்று கத்தி ஓய்ந்தது. உச்சி வெயிலில் என் கை மயிர் நட்டுக்கொண்டு நின்றது. தான் பேசிக்கொண்டிருக்கிறோம் என்றே அவர் நினைத்துக்கொண்டிருந்தார்.

"அக்கா..." அவர் கையைத் தொட்டேன். "கொரலு வரலக்கா."

அவர் என்னைப் பார்த்தார். தொண்டையைத் தடவினார். அதற்குள் அந்தப் பக்கம், "டவரு இல்ல போலருக்கு" என்று லைன் கட்டாகிவிட்டது.

போனை முந்தானையில் துடைத்தார். "நா என்னா சொன்னேன்னு ஒங்களுக்குத் தெரிஞ்சுச்சா?"

"எனக்கு அது வராதேக்கா."

"வாரேன்னு சொன்னேன்." இப்போது குரல் வந்தது, கரகரவென்று. "புள்ளய கூட்டிட்டு வந்துர்றேன், பரீட்ச போனாப் போகுதுன்னு சொன்னேன். அவளுக்குத்தான் போயிச் சேரல."

மறுபடி அவர் போன் போடவில்லை. மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

சூப்பர்வைசர் மாரிமுத்து வெளியே வந்தார். யார் முகத்தையும் பார்க்கவில்லை. கூட்டத்துக்கு உதட்டிலேயே ஏதோ சொன்னார். எனக்காக ஒரு தடவை வாய்விட்டும் சொன்னார். "நாளையில இருந்து கழட்டுறாங்க. ஒடைக்காமக் கழட்டணுமாம். மெஷினு தெரிஞ்ச ஆளு வேணும்கிறாங்க. நாள் கூலிதான். இஷ்டம்னா வாங்க."

ஒரு அம்மா காறித் துப்பினார். "நம்ம கையாலயேவா? ஒங்களுக்கு இதச் சொல்ல வாய் வருதா?"

"எனக்கு மட்டும் வேற எங்க போக்கிடம் இருக்கு?" என்றார் மாரிமுத்து.

வள்ளிக்கண்ணு கேட்டது ஒரே கேள்வி. "எத்தன நாளைக்கு வேல இருக்கும்?"

"அது நீங்க கழட்டுறதப் பொறுத்து."

சாயந்திரம் டீக்கடையில் இருந்தபோது தங்கச்சியே கூப்பிட்டாள். வள்ளிக்கண்ணு எழுந்து நின்று, தொண்டையை இரண்டு தடவை செருமிச் சரிபார்த்துக்கொண்டுதான் எடுத்தார். "நா வரலடீ. பரீட்ச முடியட்டும்."

"எடத்த வேற ஆளுக்குக் குடுத்துருவாங்கக்கா!"

"குடுக்கட்டும். பொறவு பாத்துக்கலாம்."

ரோட்டுக்கு அந்தப் பக்கம் இருந்தவர்கள்கூடத் திரும்பிப் பார்த்தார்கள். அவ்வளவு சத்தம்.

ராத்திரி வாட்ச்மேன் ஷெட்டில் ஓரமாகப் படுத்துக்கொண்டேன். காலையில் கையில் ஒரு ஸ்பேனரைக் கொடுத்தார்கள். முன்பு லாரிப் பட்டறையில் இருந்தவன் என்பதால் எனக்கு அது பழக்கம்தான். துப்பிய அம்மாவும் வந்திருந்தார். மெஷினுக்கு அந்தப் பக்கம் வள்ளிக்கண்ணு, இந்தப் பக்கம் நான். பார்ட்டியின் ஆள் ஒருவன் பின்னால் நின்று, "சட்டு சட்டுனு ஆகட்டும்" என்று கைதட்டிக்கொண்டிருந்தான். புது இடம், நல்ல பெயர் எடுக்க வேண்டாமா? நாலு சுற்றில் முதல் நட்டைத் தளர்த்திக் கையில் எடுத்துவிட்டேன்.

நிமிர்ந்தால், வள்ளிக்கண்ணு என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். பின்னால் நின்றவனை ஒரு கண்ணால் பார்த்துவிட்டு மாஸ்க்கைக் கீழே இறக்கினார். உதடு அசைந்தது. ஒரே ஒரு சொல். நிதானமாக, சின்னப் பிள்ளைக்குச் சொல்லுவது மாதிரி இரண்டு தடவை சொன்னார். முதல் தடவையாக எனக்கு அந்தப் பேச்சு புரிந்தது.

'மெதுவா.'

எத்தனையோ ஊரில் எத்தனையோ மேஸ்திரிகளிடம் வேலை பார்த்திருக்கிறேன். இப்படிச் சொன்னவர் இவர் ஒருவர்தான்.

கையிலிருந்த நட்டைத் திரும்ப மாட்டி, முதலிலிருந்து கழற்ற ஆரம்பித்தேன்.